சர்வேயர் நடந்த வட்டங்கள்

சர்வேயர் தன் அறுபத்தோராம் வயதில் நேராக நடப்பதை விட்டுவிட்டு, மனைவியைச் சுற்றி வட்டமாக நடக்கத் தொடங்கினார். முதல் வட்டம் நகரத்தின் அகலம் இருந்தது. படகுப் பட்டறையின் பின்சுவர், ஐஸ் தொழிற்சாலை, பெண்கள் பள்ளி, மரக்கடைகள் என்று சுற்றி அதை முடிக்க அவருக்கு நான்கு மணி நேரம் ஆனது. இரண்டாவது வட்டம் அதில் பாதி. மூன்றாவது அதிலும் பாதி. ஒன்பதாவது வட்டத்தில் சொந்தத் தெருவுக்குள் வந்துவிட்டார். கடைசி வட்டத்தைச் சமையலறைக்குள்ளேயே முடித்துக்கொண்டு, வெங்காயம் உரித்துக்கொண்டிருந்த மனைவியின் எதிரில் நின்று தண்ணீர் கேட்டார். காலையில் தபால் நிலையத்துக்கு என்று புறப்பட்டவர். அன்று ஞாயிற்றுக்கிழமை.

அதற்குச் சில மாதங்கள் முன்புவரை, பதினோரு வருடம் அவர்கள் இருவரும் பேசிக்கொள்ளவில்லை. சர்வேயர் ஒருமுறை மனைவியின் அண்ணன் வீட்டு மதிலை அளந்து, அது பக்கத்து மனைக்குள் ஒரு சாண் நுழைந்திருப்பதாக எழுதிக்கொடுத்தார். அளவு சரியானதுதான். மதில் இடிக்கப்பட்டது. "ஒரு சாண் விட்டா உங்க அளவுச் சங்கிலி அறுந்தா போயிடும்?" என்று மனைவி கேட்டாள். அதற்குப் பதில் சொல்லாமல் இருக்கப்போய், சர்வேயர் எதற்குமே பதில் சொல்லாதவராக ஆனார். மகன் வீட்டில் இருந்தவரை அவன் வழியாகப் பேசினார்கள். மகன் வேலைக்காக வேறு ஊருக்குப் போன பிறகு ஃப்ரிட்ஜ் வழியாகப் பேசினார்கள். "நாளைக்கு எனக்கு ஆபீஸ் சீக்கிரம்னு சொல்லு" என்று அவர் ஃப்ரிட்ஜிடம் சொல்வார். "அப்படின்னா சாயங்காலமே சட்டைய எடுத்து வைக்கச் சொல்லு" என்று அவளும் அதனிடமே சொல்வாள். ஃப்ரிட்ஜ் இரண்டு பேருக்கும் பொதுவாக உறுமிக்கொண்டிருந்தது. வீட்டில் சண்டை இல்லை, குரல் உயர்ந்ததில்லை; பார்க்கிறவர்கள் அமைதியான குடும்பம் என்றார்கள்.

பிறகு சர்வேயருக்கு மறதி வந்தது. அது முதலில் எடுத்துக்கொண்டது தெருப் பெயர்களையோ மகனின் முகத்தையோ அல்ல. ஒரு நாள் காலையில் அவர் மனைவியின் முகத்தை நேராகப் பார்த்து, "டீ இருக்கா?" என்றார். அவள் பழக்கத்தில் ஃப்ரிட்ஜைப் பார்த்து, இருக்கிறது என்றாள். "என்ன நீ, ஃப்ரிட்ஜ்கிட்ட போய்ப் பேசுற?" என்று சொல்லி சர்வேயர் சிரித்தார். அவருக்குப் பேசாமல் இருந்தது மறந்துபோயிருந்தது. நோய் என்று அவளுக்கு அன்றே தெரியும். ஆனாலும் நான்கு மாதம் அவள் அவரை எந்த மருத்துவரிடமும் அழைத்துப் போகவில்லை. அந்த நான்கு மாதமும் இருவரும் மாடிப்படியில் உட்கார்ந்து, பதினோரு வருடத்துப் பேச்சைப் பேசினார்கள். ஒரு நோய்க்கு இவ்வளவு நன்றியோடு இருப்பது சரிதானா என்று அவள் யாரிடமும் கேட்கவில்லை. கேட்டிருந்தால் பதில் சொல்லக்கூடியவர்களும் அந்த ஊரில் இல்லை.

அவளை ஊரில் தொட்டிக்காரி என்றுதான் அழைத்தார்கள். துறைமுகத்தின் ஓரத்தில் இருந்த கடற்பாசி ஆய்வு நிலையத்தில் எட்டு சிமெண்ட் தொட்டிகளைப் பார்த்துக்கொள்வது அவள் வேலை. அந்தத் தொட்டிகளில் பழுப்பு நிறக் கடற்பாசிகள் வளர்ந்தன. அவற்றின் பெண் செல் ஓரிடத்தில் ஒட்டிக்கொண்டு, பக்குவம் வந்ததும் நீரில் ஒரு வாசனையைக் கசியவிடும். வாலை அடித்து நீந்தும் ஆண் செல்கள் அந்த வாசனைக்கு வந்து சேரும். நிலையத்தின் வேலை அந்த வாசனையைப் பிடிப்பது. பாசியின் மேல் பட்ட காற்றைக் கண்ணாடிக் குழாய்க்குள் வாரக்கணக்கில் சுற்றவிட்டு, நடுவில் ஒரு சிட்டிகை கரித்தூள் வைத்தால், வாசனை கரியில் தங்கிவிடும். பிறகு அதைக் கழுவி எடுப்பார்கள். கழுவிய கரியிலும் கொஞ்சம் வாசனை மிஞ்சும் என்பதால் அதை எரித்துவிட வேண்டும் என்பது விதி. ஸ்டோர்கீப்பர் எதையும் வீணாக்க மனம் வராதவர், வந்த தபால் உறையைக்கூடப் பிரித்து உட்புறம் வெளியே வரும்படி திருப்பி ஒட்டுபவர். கரி குடிநீரைச் சுத்தம் செய்யும் என்று அவர் எங்கோ படித்திருந்தார். அதனால் கழுவிய கரியை எல்லாம் தொட்டி அறையின் குடிநீர் வடிகட்டியில் போட்டு வந்தார். ஆய்வாளர்கள் வீட்டிலிருந்து பாட்டிலில் தண்ணீர் கொண்டுவருவார்கள். அந்தக் குழாயில் பத்தொன்பது வருடம் தண்ணீர் குடித்தவள் தொட்டிக்காரி ஒருத்திதான். பஸ்ஸில் அவள் பக்கத்தில் உட்காருகிறவர்கள், யாரோ வெள்ளரிக்காய் நறுக்குகிறார்கள் என்று திரும்பிப் பார்ப்பார்கள். அதற்கு மேல் யாரும் அதைப் பற்றி நினைத்ததில்லை.

ஞாயிற்றுக்கிழமை நடந்ததை அவள் திங்கட்கிழமை நிலையத்தின் இயக்குநர் அம்மாவிடம் சொன்னாள். நகர வரைபடத்தில் கணவர் சொன்ன இடங்களைப் பென்சிலால் குறித்தும் காட்டினாள். இயக்குநர் அம்மா வரைபடத்தை வெகுநேரம் பார்த்துவிட்டு, அலமாரியிலிருந்து பழைய தாள் ஒன்றை எடுத்து அதன் மேல் வைத்தார். நுண்ணோக்கியில் பார்த்துப் பார்த்து அவரே வரைந்த, ஓர் ஆண் செல்லின் பாதை அது. இரண்டு தாளையும் ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்தபோது கோடுகள் ஒன்றின் மேல் ஒன்று உட்கார்ந்தன. பிறகு அவர் ஒரு கண்ணாடித் தட்டில் ஆண் செல்களை விட்டு, தொட்டிக்காரியை அதன் ஓரத்தில் விரல் நுனியை வைக்கச் சொன்னார். தட்டில் இருந்தவை எல்லாம் விரலைச் சுற்றி வந்து மொய்த்தன.

"அதுக்கு வழி எல்லாம் தெரியாது. வாசனை கூடினா போயிட்டே இருக்கும், குறைஞ்சா திரும்பிடும். அவ்வளவுதான் அதோட படிப்பு" என்றார் இயக்குநர் அம்மா.

"அங்க இருக்கிறது யாருன்னாவது தெரியுமாம்மா?"

"எங்க தெரியும்? அடுத்த தொட்டிப் பாசியோட ஆம்பளைங்களும் இதே வாசனைக்கு ஓடி வருவாங்க. வந்து பார்த்துட்டு அசடு வழிவாங்க."

இயக்குநர் அம்மா சிரித்தார். தொட்டிக்காரி விரலைத் துடைத்துக்கொண்டு தொட்டிகளைப் பார்க்கப் போனாள். இத்தனை வருடம் இல்லாமல் சர்வேயருக்கு இப்போது மட்டும் இது ஏன் நடந்தது என்பதற்கு நிலையத்தின் குறிப்பேட்டில் ஒரு வரி இருக்கிறது: இதுவரை அவருக்கு வழி காட்ட வேறு விஷயங்கள் இருந்தன, அவை தீர்ந்துவிட்டன.

இயக்குநர் அம்மா சொன்ன அடுத்த தொட்டி ஆண்கள் வர அதிக நாள் ஆகவில்லை. இரண்டு வாரத்தில், படகுத்துறையில் டிக்கெட் கிழித்துக்கொண்டிருந்து ஓய்வு பெற்றவர் ஒருவர், மூன்று நாளாகக் காணாமல் போயிருந்தவர், தொட்டிக்காரியின் தெருவில் வட்டமாக நடந்துகொண்டிருந்தார். அதற்குப் பிறகு ஒரு பல் மருத்துவர் வந்தார். எதிரில் வருகிறவர்களை வாயைத் திறக்கச் சொன்னார். ஒரு நீதிபதி வந்தார். இருவர் மோதிக்கொண்டால் யார் ஒதுங்க வேண்டும் என்று தீர்ப்புச் சொன்னார். ஆண்டு முடிவதற்குள் ஏழு பேர் ஆனார்கள். எல்லோரும் பெயரையும் விலாசத்தையும் தொலைத்த ஆண்கள். மாலையில் குடும்பத்தார் வந்து அவரவர் ஆளை அழைத்துப் போனார்கள். காணாமல் போனவரை ஆஸ்பத்திரியிலும் ரயில் நிலையத்திலும் தேடித் திரிந்தவர்களுக்கு, இப்போது தேட ஒரே ஒரு தெரு போதும் என்பது பெரிய நிம்மதி. டிக்கெட்காரரின் மகள் தொட்டிக்காரியின் இரண்டு கைகளையும் பிடித்துக்கொண்டு, "அக்கா, நீங்க ஊரை விட்டு மட்டும் எங்கயும் போயிடாதீங்க" என்றாள். குடும்பங்கள் சேர்ந்து தெருவில் நான்கு நாற்காலியும் ஒரு தண்ணீர்ப் பானையும் வாங்கிப் போட்டன. தெருவாசிகள் சைக்கிளை இடப்பக்கமாக மட்டும் ஓட்டப் பழகிக்கொண்டார்கள். நகராட்சி வந்து பார்த்துவிட்டு, இதற்குத் தனி விதி இல்லை என்று எழுதிக்கொண்டு போனது.

தொட்டிக்காரிக்கு மட்டும் மனதில் ஒரு முள் இருந்தது. ஏழு பேரும் நடந்த அதே நடையைத்தான் சர்வேயரும் நடந்தார். அவர் அவளைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டு ஆறு மாதம் ஆகியிருந்தது. சில நாள் அவளை நர்ஸ் என்று நினைத்தார், சில நாள் பஸ்ஸில் உடன் வருகிறவள் என்று நினைத்தார். வட்டத்தை முடித்து எதிரில் வந்து நிற்கும்போது அவர் முகத்தில் தெரியும் நிம்மதி, ஆளைக் கண்ட நிம்மதியா, இல்லை கால் ஓய்ந்த நிம்மதியா என்று அவளால் பிரித்துப் பார்க்க முடியவில்லை. அவர் தன்னைத் தெரிந்து வருகிறாரா என்பதுதான் அவளுக்குத் தெரிய வேண்டியிருந்தது. அந்த ஒரு கேள்வியோடு அவள் தொட்டிகளைத் தேய்த்தாள், துணி துவைத்தாள், மாடிப்படியில் உட்கார்ந்தாள்.

மகன் வந்தான். தெருவில் எட்டுப் பேர் சுற்றுவதைக் கால்மணி நேரம் பார்த்துவிட்டு உள்ளே வந்து, அப்பாவைக் காப்பகத்தில் சேர்த்துவிடலாம் என்றான்.

"அம்மா, அவர் உன்னைத் தேடி வரலம்மா. உன் வாசனைக்கு வர்றார். ரெண்டும் ஒண்ணில்ல."

"எனக்குத் தெரியும்டா."

"தெரிஞ்சுமா இப்படி உசிர விடுற? நாளைக்கே உனக்கு ஒரு காய்ச்சல் வந்தா என்ன பண்ணுவ?"

"வந்தா பார்த்துக்கலாம். இப்ப வர்றாரில்ல, அது போதும்."

மகன் போன அடுத்த மாதம் அவளுக்குக் காய்ச்சல் வந்தது. இரண்டாம் நாள் வாசனை நின்றுவிட்டது. தெருவில் நடந்துகொண்டிருந்தவர்கள், வளைந்துகொண்டிருந்த இடத்திலிருந்தே ஆளுக்கொரு திசையில் நேராகப் போனார்கள். ஏழு பேரைக் குடும்பத்தார் தெருமுனையிலேயே பிடித்துவிட்டார்கள். சர்வேயருக்குப் பின்னால் ஓட ஆள் இல்லை. மறுநாள் நண்பகலில், இருபத்திரண்டு கிலோமீட்டர் தள்ளி, உப்பளச் சாலையில் ஒரு லாரி டிரைவர் அவரை நிறுத்தினார். பாதம் இரண்டும் கிழிந்திருந்தன. எங்கே போகிறீர்கள் என்று கேட்டதற்கு, "திரும்பச் சொல்லி யாரும் சொல்லலையே" என்றாராம். அவரை வீட்டில் இறக்கிவிட்ட டிரைவருக்குத் தொட்டிக்காரி போர்வையோடு எழுந்து வந்து கும்பிட்டாள். அன்று மாலையே மகனுக்குப் போன் செய்து, காப்பகத்துக்குச் சம்மதம் என்று சொன்னாள்.

காப்பகத்திலும் அவர் நிற்க மாட்டார் என்பதால், வாசனையை மட்டும் பிரித்து எடுத்து அங்கே வைத்துவிடலாம் என்ற யோசனை இயக்குநர் அம்மாவுடையது. காய்ச்சல் விட்டு வாசனை திரும்பியதும், நிலையத்தின் சிறிய அறை ஒன்றின் இடுக்குகளை மெழுகால் அடைத்து, அதற்குள் தொட்டிக்காரியை உட்கார வைத்து, அறைக் காற்றைக் கண்ணாடிக் குழாய் வழியாகக் கரித்தூளுக்குள் சுற்றவிட்டார்கள். பத்தொன்பது நாள், நாளுக்கு எட்டு மணி நேரம். வெங்காயமும் சோப்பும் கூடாது என்பதால் அவள் வெறும் ரொட்டியைத் தின்று, நிலையத்தின் கிழிந்த வலைகளை எல்லாம் உட்கார்ந்து தைத்து முடித்தாள். ஸ்டோர்கீப்பர் பத்தொன்பது நாளும் வெளியே பம்புக்குப் பக்கத்தில் ஸ்டூல் போட்டு உட்கார்ந்து அதற்கு எண்ணெய் விட்டுக்கொண்டிருந்தார். கடைசி நாள் கதவைத் திறந்தபோது, "எல்லாம் என்னால வந்த வினைம்மா" என்று தலையைக் குனிந்தார். "உங்களாலதான் வந்துச்சு. அதுக்கு உங்களுக்கு நன்றி சொல்லணும்னு ரொம்ப நாளா நினைச்சுட்டே இருக்கேன்" என்றாள் அவள். ஸ்டோர்கீப்பர் பம்பை நிறுத்தினார்.

வாசனை, கட்டைவிரல் அளவுள்ள ஒரு பாட்டிலுக்குள் எண்ணெயோடு சேர்ந்து அடங்கியது. தொட்டி அறையின் வடிகட்டி மாற்றப்பட்டது. இயக்குநர் அம்மா மறுபடி தட்டைக் கொண்டுவந்து அவள் விரலை வைக்கச் சொன்னார். ஒன்றும் வரவில்லை. அவளிடம் இப்போது எந்த வாசனையும் இல்லை.

பாட்டிலைக் காப்பகத்து முற்றத்தில் ஒரு கம்பத்தின் உச்சியில் நூலால் கட்டித் தொங்கவிட்டார்கள். எட்டுப் பேரும் அதைச் சுற்றி அமைதியாக நடந்தார்கள். ஏழு பேரைக் குடும்பத்தார் காலையில் கொண்டுவந்து விட்டு மாலையில் அழைத்துப் போனார்கள். சர்வேயர் அங்கேயே தங்கினார். முதல் ஞாயிறு தொட்டிக்காரி அவரைப் பார்க்கப் போய், முற்றத்தில் ஒரு மணி நேரம் நின்றாள். அவர் ஒன்பது முறை அவளைக் கடந்து போனார். பத்தாவது முறை நின்று, "கொஞ்சம் தள்ளி நில்லுங்க, நடக்கிற வழியில நிக்கிறீங்க" என்றார். அவள் தள்ளி நின்றாள். பிறகு, அவரை நன்றாகப் பார்த்துக்கொள்வதற்காக நர்ஸுக்கு நன்றி சொல்லிவிட்டு பஸ் ஏறினாள். கேள்விக்குப் பதில் கிடைத்துவிட்டது என்று நினைத்தாள். அவள் அழவில்லை. அவர் கால் ஆறியிருந்ததை, சட்டைப் பித்தான் சரியாகப் போட்டிருந்ததை, முகம் சவரம் செய்யப்பட்டிருந்ததை ஒவ்வொன்றாக நினைத்துக்கொண்டே வீடு வந்து சேர்ந்தாள்.

இருபத்திமூன்றாம் நாள், ஒரு புதன்கிழமை பகல் பதினொன்றரை மணிக்கு, சர்வேயர் வட்டத்தைப் பாதியில் விட்டு நின்றார். ஒரு நாற்காலியை இழுத்து வந்து, அதன் மேல் ஏறி, நூலை அவிழ்த்து, பாட்டிலைச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டு, காப்பகத்தின் வாசலைத் தாண்டிப் போனார். ஏழு பேரும் கம்பத்தை விட்டுவிட்டு அவரைச் சுற்றிக்கொண்டே உடன் போனார்கள். நர்ஸ் அவருடைய செருப்பைக் கையில் தூக்கிக்கொண்டு, "சார், அதக் குடுத்துட்டுப் போங்க சார்!" என்று பின்னால் ஓடினாள். இயக்குநர் அம்மா பிற்பாடு இதைத்தான் திரும்பத் திரும்பச் சொன்னார்: பாட்டில் ஒருவரின் பையிலேயே இருந்தால் வாசனை எந்தப் பக்கம் போனாலும் கூடவும் கூடாது, குறையவும் குறையாது, அவரைத் திருப்ப எதுவும் இல்லை, உப்பளச் சாலைக்கும் போகலாம், கடலுக்குள்ளும் இறங்கலாம்.

சர்வேயர் மூன்று கிலோமீட்டர் நேராக நடந்தார். மரக்கடைகளைத் தாண்டினார், ஐஸ் தொழிற்சாலையைத் தாண்டினார். நாற்சந்தியில், ஏழு பேர் சுற்றிவர நடுவில் ஒருவர் வருவதைப் பார்த்த போலீஸ்காரர், யாரோ பெரிய மனிதர் என்று நினைத்து இரண்டு பக்கமும் வண்டிகளை நிறுத்தினார். நீதிபதி அவருக்குத் தலையசைத்தார். ஆய்வு நிலையத்துக்குள் சர்வேயர் அதற்கு முன் ஒருமுறைகூடக் கால் வைத்ததில்லை. அவர் யாரையும் வழி கேட்கவில்லை. மூன்றாவது கட்டடத்தின் இரும்புப் படியில் ஏறி, நீண்ட தாழ்வாரத்தில் இருந்த ஆறு கதவுகளில் ஐந்தாவதைத் திறந்தார். தொட்டிக்காரி ரப்பர் பூட்ஸ் போட்டுக்கொண்டு, காலி செய்த தொட்டிக்குள் நின்று பிரஷ்ஷால் சுவரைத் தேய்த்துக்கொண்டிருந்தாள்.

அவர் பாட்டிலை எடுத்து நீட்டினார்.

"இது உன்னோடது. அங்க போய்க் கம்பத்துல கட்டி வச்சிருக்காங்க. வெயில்ல கெட்டுடும்."

அவள் கையை ஏப்ரனில் துடைத்துவிட்டு வாங்கிக்கொண்டாள். "ஆமா, என்னோடதுதான்."

"யாருதுன்னு கேட்டா பேர் சொல்ல வராது எனக்கு. அதான் யாருகிட்டயும் குடுக்காம நேரா வந்துட்டேன்."

பாட்டில் அவள் கைக்கு மாறியதும் ஏழு பேரும் தொட்டியைச் சுற்ற ஆரம்பித்தார்கள். சர்வேயர் சுற்றவில்லை. கவிழ்த்து வைத்திருந்த வாளியின் மேல் உட்கார்ந்து, கால் வலிக்கிறது என்றார். நர்ஸ் வந்து செருப்பைக் கொடுத்தாள். இயக்குநர் அம்மா தட்டோடு ஓடி வந்தார். பாட்டிலை வெளியே அனுப்பிவிட்டு, கையைக் கழுவச் சொல்லி, தொட்டிக்காரியின் பத்து விரலையும் ஒவ்வொன்றாக வைத்துப் பார்த்தார். எந்த விரலுக்கும் ஒன்றும் வரவில்லை. அவர் குறிப்பேட்டில் தேதியையும் நேரத்தையும் எழுதினார். காரணம் என்ற இடத்தில் பேனாவை வைத்தவர், எழுதாமலே பேனாவை மூடினார். ஸ்டோர்கீப்பர் எல்லோருக்கும் டீ கொண்டுவந்தார். கப் போதாமல் இரண்டு பேருக்கு அளவுக் குடுவையில் கொடுத்தார்.

மறுநாள் காலை முதல் வேலையாகத் தொட்டிக்காரி பாட்டிலைக் காப்பகத்தில் கொண்டுபோய்க் கொடுத்தாள். ஏழு குடும்பத்துக்கு அது வேண்டியிருந்தது. சர்வேயரை மட்டும் வீட்டிலேயே வைத்துக்கொண்டாள். மகன் போனில் கேட்டபோது, "உங்கப்பா வந்துட்டாருடா" என்று மட்டும் சொன்னாள். அவள் ஓய்வு பெற இன்னும் எட்டு வருடம் இருந்தது. அந்த எட்டு வருடத்தில் அவள் பெயர் சர்வேயருக்கு ஒரு தடவைகூட நினைவுக்கு வரவில்லை. டீச்சர் என்றார், அக்கா என்றார், ஒரு மழைக்காலம் முழுவதும் அவளைத் தன் பள்ளித் தோழன் என்று நினைத்துக் கணக்குப் பாடத்தைப் பற்றிக் கேட்டுக்கொண்டிருந்தார். எந்தப் பெயரில் கூப்பிட்டாலும் அவள் என்ன என்று கேட்டாள். காலையில் அவள் வேலைக்குப் போன பிறகு அவர் சட்டை மாட்டிக்கொண்டு நேராக நடந்து வந்து, தொட்டி அறையில் உட்காருவார். நிலையத்தின் வாயிற்காவலர் முதலில் அவர் வரும் நேரத்தைப் பதிவேட்டில் எழுதிவைத்தார். மூன்றாம் வருடம் அதை நிறுத்திவிட்டார். எழுதி என்ன ஆகப்போகிறது, அவர் வந்துவிடுவார்.